குச்சிக்கிழங்கும் சட்டப்பிரிவு 301-உம்

கல்வராயன் மலைச் சரிவுகளில் பிடுங்கப்படும் குச்சிக்கிழங்கு, லாரியில் இறங்கி ஆத்தூர், சேலம் பக்கத்து ஆலைகளுக்குப் போய் ஜவ்வரிசியாகிறது. அந்த ஜவ்வரிசியில் பெரும்பகுதி நம் மாநிலத்தில் செலவாவதில்லை. மகாராஷ்டிரம், மத்தியப் பிரதேசம், குஜராத் போன்ற மாநிலங்களில் விரத நாள்களில் தானியம் தவிர்ப்பவர்கள் ‘சாபுதானா’ என்ற பெயரில் அதைக் கிச்சடியாகவும் வடையாகவும் செய்து உண்கிறார்கள். சேலத்தில் இருந்து மகாராஷ்டிரத்துக்குச் செல்லும் லாரி குறைந்தது இரண்டு மாநில எல்லைகளைக் கடக்கிறது. எந்த எல்லையிலும் சரக்குக்குச் சுங்கம் கட்டுவதில்லை.

இதை ஒன்பதாம் வகுப்பில் சொன்னபோது ஒரு மாணவி கேட்டாள்: “இந்தியாவும் இலங்கையும் வணிக ஒப்பந்தம் போட்டிருக்கின்றன என்று படித்தோமே டீச்சர், அதுபோலத் தமிழ்நாடும் மகாராஷ்டிரமும் போட்டிருக்கின்றனவா?” நல்ல கேள்வி. இந்திய–இலங்கைத் தடையற்ற வணிக ஒப்பந்தம் 1998-இல் கையெழுத்தாகி, 2000-இல் நடைமுறைக்கு வந்தது. இரு நாடுகளுக்கு ஒப்பந்தம் தேவைப்பட்டது என்றால், இரு மாநிலங்களுக்கு ஏன் தேவைப்படவில்லை? இந்தக் கேள்விக்கு விடை தேடினால் வரலாறு, குடிமையியல், பொருளியல், புவியியல் ஆகிய நான்கும் ஒரே பாடமாகிவிடுகின்றன. நான் வகுப்பில் நடத்திய வரிசையிலேயே அதை இங்கே எழுதுகிறேன்.

சுங்கம் என்னும் பழைய சொல்

எல்லையில் வரி வாங்குவது தமிழர்க்குப் புதிய செய்தியன்று. பட்டினப்பாலை காட்டும் காவிரிப்பூம்பட்டினத்தில், ஏற்றுமதி இறக்குமதிப் பொருள்களுக்குப் புலி முத்திரை இடப்படுகிறது. திருக்குறளின் பொருள்செயல்வகை அதிகாரம் ‘உல்கு’ என்னும் சுங்கத்தை அரசின் வருவாய்களுள் ஒன்றாகச் சொல்கிறது. முதலாம் குலோத்துங்கனை மக்கள் ‘சுங்கம் தவிர்த்த சோழன்’ என்று நினைவில் வைத்தார்கள். வரியை நீக்கியதே ஓர் அரசனுக்குப் பட்டமாகும் அளவுக்கு அந்தச் சுமை இருந்திருக்கிறது என்பதை மாணவர்களே ஊகித்துச் சொல்வார்கள்.

கிழக்கிந்தியக் கம்பெனி ஆட்சியில் நாட்டுக்குள்ளேயே சரக்கு நகர்வதற்கு வரி இருந்தது. ஒரே சரக்கு ஒரு சாவடியில் இருந்து அடுத்த சாவடிக்குப் போகும்போது வணிகர் சீட்டுக் காட்ட வேண்டும், சோதனைக்கு நிற்க வேண்டும். வங்காளத்தில் 1836-இலும், பம்பாயில் 1838-இலும், சென்னை மாகாணத்தில் 1844-இலும் இந்த உள்நாட்டுச் சுங்கங்கள் ஒழிக்கப்பட்டன. வடக்கே உப்பு வரிக்காக முள்வேலி வளர்த்துக் காவல் காத்த உள்நாட்டுச் சுங்கக் கோடு 1879 வரை நீடித்தது.

நம் பகுதிக்கு இன்னும் நெருக்கமான எடுத்துக்காட்டும் உண்டு. இன்றைய கள்ளக்குறிச்சி மாவட்டம் அன்று தென்னார்க்காடு மாவட்டத்தில் இருந்தது. அதை அடுத்திருந்த பிரெஞ்சுப் புதுச்சேரியோ வெளிநாடு. ஒரே மொழி, ஒரே உறவு, ஒரே சந்தை; ஆனால் நடுவே சுங்கச்சாவடி. 1954 நவம்பர் 1-இல் புதுச்சேரியின் ஆட்சி இந்தியாவிடம் வந்த பிறகுதான் அந்தச் சாவடிகளுக்கு வேலை இல்லாமல் போனது. எல்லை என்பது மண்ணில் இருப்பதில்லை, சட்டத்தில் இருக்கிறது என்பதை விளக்க இதைவிட எளிய சான்று எனக்குக் கிடைக்கவில்லை.

அரசியலமைப்பு தந்த விடை

1935-ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டமே, மாகாணங்கள் ஒன்றின் சரக்கை மற்றொன்று தடுப்பதற்கு வரம்பு கட்டியது. அரசியலமைப்பை எழுதியவர்கள் அதோடு ஆஸ்திரேலிய அரசியலமைப்பின் 92-ஆவது பிரிவையும் கருத்தில் கொண்டார்கள். நம் அரசியலமைப்பின் 13-ஆம் பகுதி முழுவதும், அதாவது சட்டப்பிரிவுகள் 301 முதல் 307 வரை, இந்த ஒரே பொருளைப் பற்றியது. பத்தாம் வகுப்பு மாணவர்களுக்கு அதை இப்படிச் சுருக்கித் தரலாம்.

301: இந்தியா முழுவதும் வணிகம், வாணிபம், போக்குவரத்துத் தொடர்பு ஆகியவை தடையின்றி நடக்க வேண்டும்.

302: பொதுநலன் கருதி நாடாளுமன்றம் கட்டுப்பாடு விதிக்கலாம்.

303: ஒரு மாநிலத்துக்குச் சலுகை, இன்னொன்றுக்குப் பாரபட்சம் என்று சட்டம் செய்யக் கூடாது. நாட்டின் ஒரு பகுதியில் பொருள் பற்றாக்குறை நேரும்போது மட்டும் நாடாளுமன்றத்துக்கு விதிவிலக்கு உண்டு.

304: வெளிமாநிலப் பொருளுக்கு ஒரு மாநிலம் வரி போடலாம், ஆனால் உள்ளூரில் உற்பத்தியாகும் அதே வகைப் பொருளுக்கு உள்ள வரியைவிட அது கூடக் கூடாது. பொதுநலனுக்காக நியாயமான கட்டுப்பாடும் விதிக்கலாம். அதற்கான மசோதாவுக்குக் குடியரசுத் தலைவரின் முன் இசைவு வேண்டும்.

307: இவற்றை நடைமுறைப்படுத்த ஓர் அமைப்பை நாடாளுமன்றம் ஏற்படுத்தலாம்.

ஆகவே மாணவியின் கேள்விக்கு முதல் விடை இது: இரு மாநிலங்கள் தனித்தனியே பேசி முடிக்க வேண்டியதை, 1950-இலேயே எல்லா மாநிலங்களுக்கும் சேர்த்து அரசியலமைப்பு முடித்துவைத்தது. சேலத்து ஜவ்வரிசி மகாராஷ்டிரத்துக்குள் நுழைவது அந்த மாநிலம் தரும் சலுகையால் நடப்பதில்லை; அது உரிமை.

தோல் வழக்கு

உரிமை ஏட்டில் இருந்தால் போதுமா? நீதிமன்றத்தில் அது எப்படி நின்றது என்பதற்கு நம் மாநிலத்திலேயே ஒரு வழக்கு இருக்கிறது. அதற்குப் போகுமுன் மாணவர்களிடம் ஒரு கடுக்காயைக் காட்டுங்கள். கல்வராயன் மலையில் மக்கள் சேகரித்து விற்கும் வனப்பொருள்களில் கடுக்காயும் ஒன்று. மருந்துக்குப் பயன்படுவதைப் போலவே தோல் பதனிடவும் அது காலங்காலமாகப் பயன்பட்டு வந்திருக்கிறது. பதனிட்ட தோல் சென்னை மாகாணத்தின் பெரிய வணிகப் பொருள்.

அன்றைய சென்னை மாநில விற்பனை வரி விதி ஒன்று தோலை இருவிதமாக நடத்தியது. மாநிலத்துக்குள் பச்சைத் தோலாக வாங்கி இங்கேயே பதனிட்டால், பச்சைத் தோலின் விலைமீது வரி. வெளிமாநிலத்தில் பதனிட்டுக் கொண்டுவந்து விற்றால், பதனிட்ட தோலின் விலைமீது வரி. பார்வைக்கு இரண்டும் வரிதான். கணக்குப் போட்டால்தான் வேறுபாடு தெரியும்.

வகுப்பில் கற்பனை எண்களைக் கொடுத்துப் பாருங்கள். பச்சைத் தோல் 100 ரூபாய், பதனிட்ட பின் 200 ரூபாய், வரி இரண்டுக்கும் 3 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். உள்ளூர்த் தோலுக்கு வரி 3 ரூபாய். வெளியூர்த் தோலுக்கு 6 ரூபாய். கடையில் இரண்டும் ஒரே தோல். மேத்தாப் மஜீத் நிறுவனம் எதிர் சென்னை மாநிலம் என்ற அந்த வழக்கில், 1962-இல் உச்ச நீதிமன்றம் அந்த விதி 304-ஆவது பிரிவை மீறுகிறது என்று தீர்ப்பளித்தது. நம் மாநிலத்தின் விதி தோற்ற வழக்கு என்று மாணவர்கள் வருத்தப்பட்டால், ஒரு கேள்வி கேளுங்கள்: நம் ஜவ்வரிசிக்கு வேறொரு மாநிலம் இதே தந்திரத்தைச் செய்தால் நாம் எங்கே போய் முறையிடுவோம்? அந்தத் தீர்ப்பு நமக்கும் கேடயம் என்பது அப்போது விளங்கும்.

இதற்குச் சற்று முன்பு, அசாம் வழியாகக் கல்கத்தாவுக்குச் சென்ற தேயிலைமீது அசாம் மாநிலம் போட்ட வரி ஆட்டியாபாரி தேயிலை நிறுவன வழக்கில் செல்லாது என்று அறிவிக்கப்பட்டது. ‘வரியும் ஒரு தடையா?’ என்ற விவாதம் பல பத்தாண்டுகள் நீண்டது. 2016 நவம்பரில் ஜிண்டால் ஸ்டெயின்லெஸ் வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, பெரும்பான்மைத் தீர்ப்பாக, பாகுபாடு காட்டாத வரி 301-ஐ மீறாது என்றது. வரி இருக்கலாம், ஓரவஞ்சனை கூடாது என்று மாணவர்களுக்கு ஒரே வரியில் சொல்லிவிடலாம்.

அரிசிக்கு எல்லை போட்ட காலம்

சட்டம் சுதந்திரம் தந்த பின்னும் அரிசி சுதந்திரமாகப் போகாத காலம் ஒன்று இருந்தது. உங்கள் பள்ளிப் பகுதியில் எழுபது வயதைத் தாண்டிய பெரியவர்களைக் கேட்டால் நேரில் கண்டதைச் சொல்வார்கள். உணவுத் தட்டுப்பாடு நிலவிய அந்த ஆண்டுகளில், மத்திய அரசு நாட்டை உணவு மண்டலங்களாகப் பிரித்தது. 1957-இல் ஆந்திரம், சென்னை, மைசூர், கேரளம் ஆகிய நான்கும் சேர்ந்து தென் மண்டலமாயின. மண்டலத்துக்குள் அரிசி போகலாம். வெளியே போக அனுமதி வேண்டும். மிகுதியாக விளையும் ஆந்திரமும் பற்றாக்குறையுள்ள கேரளமும் ஒரே மண்டலத்தில் இருந்ததால் கேரளத்துக்கு அரிசி கிடைத்தது. 1964-இல் தென் மண்டலம் கலைக்கப்பட்டு, மாநிலம்தோறும் தனி மண்டலம் என்றானது. மிகுதி உள்ள மாநிலத்தில் விவசாயிக்கு விலை இறங்கியது. பற்றாக்குறை மாநிலத்தில் உண்பவருக்கு விலை ஏறியது. ரயிலிலும் பேருந்திலும் அரிசியை மறைத்துக் கொண்டுபோவது ஒரு பிழைப்பாகவே ஆயிற்று.

இது அரசியலமைப்புக்கு எதிரானதா என்று மாணவர்கள் கேட்பார்கள். பற்றாக்குறைக்கான விதிவிலக்கு 303-இலேயே இருக்கிறது என்பதை அவர்களே தேடிக் கண்டுபிடிக்கட்டும். 1977-இல் கோதுமைக்கும் அரிசிக்கும் இருந்த மண்டலக் கட்டுப்பாடுகள் நீங்கின. நெல்லும் அரிசி ஆலையும் நிறைந்த நம் மாவட்டத்துக்கு இந்த வரலாறு அயலான செய்தியன்று.

2017 ஜூலை 1

சுங்கம் போனாலும் சோதனைச் சாவடி போகவில்லை. மாநிலத்துக்கு மாநிலம் விற்பனை வரி வேறு. மாநிலம் விட்டு மாநிலம் விற்றால் 1956-ஆம் ஆண்டு மத்திய விற்பனை வரிச் சட்டப்படி இன்னொரு வரி. அந்த வரி சரக்கை அனுப்பும் மாநிலத்துக்கே போனது. வாங்கும் மாநிலத்து வணிகர் அதைத் தம் வரியில் கழித்துக்கொள்ள முடியாது. ஆகவே வெளிமாநிலப் பொருள் அந்த அளவுக்கு விலை கூடியது. லாரிகள் எல்லையில் மணிக்கணக்கில் நின்றன.

101-ஆவது அரசியலமைப்புத் திருத்தத்தின் வழியே, 2017 ஜூலை 1 முதல் சரக்கு மற்றும் சேவை வரி வந்தது. மாநில எல்லைகளில் இருந்த வணிகவரிச் சோதனைச் சாவடிகள் மூடப்பட்டன. 2018 ஏப்ரல் 1 முதல், மாநிலம் விட்டு மாநிலம் செல்லும் 50,000 ரூபாய்க்கு மேற்பட்ட சரக்குக்கு மின்னணு வழிச்சீட்டு கட்டாயமாயிற்று. பழைய காலச் சாவடிச் சீட்டு கணினிக்குள் போய்விட்டது என்றால் மாணவர்கள் சிரிப்பார்கள்; ஆனால் மறக்க மாட்டார்கள்.

வரியின் திசை மாறியதுதான் முக்கியம். 1,000 ரூபாய்ப் பொருளுக்கு 5 சதவீத வரி என்று வைத்துக்கொள்வோம். கள்ளக்குறிச்சியில் செய்து சின்னசேலத்தில் விற்றால், மத்திய அரசுக்கு 25 ரூபாய், தமிழ்நாட்டுக்கு 25 ரூபாய். அதையே புனேயில் உள்ள ஒருவருக்கு விற்றால், ஒருங்கிணைந்த வரியாக 50 ரூபாய் வாங்கி, மாநிலப் பங்கு நுகரும் மாநிலமான மகாராஷ்டிரத்துக்குப் போகும். பொருளைச் செய்யும் மாநிலம் இதில் என்ன இழக்கிறது என்று கேட்டால், நன்றாகக் கணக்குப் போடும் மாணவர் உடனே பிடித்துக்கொள்வார். தமிழ்நாடு உள்ளிட்ட உற்பத்தி மாநிலங்கள் கவலைப்பட்டதும் இதனால்தான். அதற்காகவே, 2015–16-ஐ அடிப்படை ஆண்டாக வைத்து, ஆண்டுக்கு 14 சதவீத வளர்ச்சி என்ற கணக்கில், ஐந்து ஆண்டுகளுக்கு இழப்பீடு தரச் சட்டம் செய்யப்பட்டது.

இப்போது மாணவியின் கேள்விக்கு இரண்டாவது விடை கிடைக்கிறது. சட்டப்பிரிவு 279ஏ அமைத்த சரக்கு மற்றும் சேவை வரி மன்றம், மாநிலங்கள் உட்கார்ந்து பேரம் பேசும் நிரந்தரமான ஒப்பந்த மேசை. மத்திய அரசின் வாக்குக்கு மூன்றில் ஒரு பங்கு மதிப்பு. எல்லா மாநிலங்களின் வாக்குகளுக்கும் சேர்த்து மூன்றில் இரண்டு பங்கு. தீர்மானம் நிறைவேற நான்கில் மூன்று பங்கு வேண்டும். மாநிலம் பெரிதோ சிறிதோ, வாக்கின் மதிப்பு ஒன்றுதான். தமிழ்நாடும் சிக்கிமும் புதுச்சேரியும் அங்கே சமம். மன்றத்தின் பரிந்துரைகளுக்குச் செவிசாய்க்க வேண்டும், ஆனால் அவை நாடாளுமன்றத்தையும் சட்டமன்றங்களையும் கட்டுப்படுத்தா என்று 2022 மே மாதம் மோகித் மினரல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

அதே நாளில் கனடா

நம் நாட்டில் இந்த வரி நடைமுறைக்கு வந்த அதே 2017 ஜூலை 1 அன்று, கனடாவில் அந்நாட்டு மாகாணங்களுக்கு இடையிலான தடையற்ற வணிக ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது. அங்கே மாகாணங்கள் உண்மையிலேயே ஒப்பந்தம் போட்டிருக்கின்றன. 1995-இல் நடைமுறைக்கு வந்த முதல் ஒப்பந்தத்துக்குப் பதிலாக வந்தது இது. ஒரு மாகாணத்தின் விளைபொருளை மற்ற மாகாணங்கள் தடையின்றி ஏற்க வேண்டும் என்று 1867-ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 121-ஆவது பிரிவு சொல்கிறது. இருந்தும் ஏன் ஒப்பந்தம்?

2012-இல் நியூ பிரன்ஸ்விக் மாகாணத்துக்காரர் ஒருவர் பக்கத்து கியூபெக்கில் விலை குறைவு என்று மதுவை வாங்கிவந்தார். அளவு மீறியதாக அபராதம் போட்டார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போயிற்று. 2018-இல் நீதிமன்றம் மாகாணச் சட்டம் செல்லும் என்றது: வணிகத்தைத் தடுப்பதையே முதல் நோக்கமாகக் கொண்ட சட்டம்தான் செல்லாது, வேறு பொதுநோக்கத்தின் பக்கவிளைவாகத் தடை வந்தால் செல்லும். நீதிமன்றம் திறக்காத கதவை மாகாணங்கள் பேசித்தான் திறக்க வேண்டும் என்பதே இதன் பொருள்.

ஆசிரியர்களாகிய நாம் கவனிக்க வேண்டிய ஒன்று அந்த ஒப்பந்தத்தில் உண்டு. ஒரு மாகாணத்தில் ஆசிரியச் சான்று பெற்றவரின் தகுதியை மற்ற மாகாணங்கள் மதிக்க வேண்டும் என்ற ஏற்பாடு அது. பொருள் எல்லை தாண்டினால் போதாது, மனிதரின் திறமையும் தாண்ட வேண்டும் என்று அவர்கள் நினைக்கிறார்கள்.

இங்கே கையெழுத்தாகும் ஒப்பந்தங்கள்

நம் மாநிலங்கள் தமக்குள் ஒப்பந்தமே போடுவதில்லை என்று மாணவர்கள் எண்ணிவிடக் கூடாது. கள்ளக்குறிச்சியில் இருந்து புதுச்சேரிக்கோ பெங்களூருவுக்கோ போகும் பேருந்து அவர்களுக்குத் தெரியும். 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 88-ஆவது பிரிவுப்படி, எத்தனை பேருந்துகளுக்கு எந்த வழித்தடத்தில் அனுமதி என்பதை இரு மாநிலங்களும் ஒப்பந்தமாக முடிவு செய்யலாம். முதலில் அந்த முன்மொழிவை அரசிதழிலும் நாளிதழிலும் வெளியிட்டு, மக்கள் கருத்துச் சொல்லக் குறைந்தது 30 நாள் அவகாசம் தர வேண்டும். பேருந்தின் நெற்றியில் இருக்கும் ஊர்ப் பெயருக்குப் பின்னால் ஓர் அரசு ஒப்பந்தம் இருக்கிறது.

தண்ணீருக்கும் அப்படியே. சென்னைக்குக் கிருஷ்ணா நீர் தர ஆந்திரத்தோடு 1983-இல் செய்த ஒப்பந்தமும், கேரளத்தோடு 1970-இல் செய்த பரம்பிக்குளம்–ஆழியாறு ஒப்பந்தமும் எடுத்துக்காட்டுகள். பங்கிட்டுக்கொள்ள வேண்டிய பொருளுக்கு ஒப்பந்தம் தேவை. ஓடித் திரிய வேண்டிய சரக்குக்குப் பொதுச்சட்டம் தேவை என்று இந்த வேறுபாட்டை விளக்கலாம்.

மிஞ்சியிருக்கும் எல்லைகள்

இன்றும் சில எல்லைகள் இருக்கின்றன. மது இந்த வரிக்கு வெளியே இருக்கிறது. பெட்ரோலும் டீசலும் மன்றம் நாள் குறிக்கும் வரை வெளியே. அதனால்தான் புதுச்சேரியில் விலை வேறு, இங்கே வேறு. கரும்புக்கு மாவட்டத்துக்குள்ளேயே எல்லை உண்டு: 1966-ஆம் ஆண்டு கரும்புக் கட்டுப்பாட்டு ஆணைப்படி ஒவ்வோர் ஆலைக்கும் இன்ன பகுதி என்று ஒதுக்கலாம். மூங்கில்துறைப்பட்டு, கச்சிராயபாளையம் ஆலைகளுக்குக் கரும்பு வெட்டும் வீட்டுப் பிள்ளைகள் இதை நமக்கே விளக்குவார்கள். காட்டு மரத்துக்கு வழிச்சீட்டு வேண்டும். சந்தன மரத்தை இழந்த மலைக்கு அந்தக் காவல் ஏன் தேவை என்று சொல்லித் தர வேண்டியதில்லை.

எல்லாத் தடையும் தீமையா என்ற விவாதத்துக்குக் குச்சிக்கிழங்கே மீண்டும் உதவுகிறது. 2020-இல் கேரளத்தில் முதன்முதலாகக் கண்டறியப்பட்ட அயல்நாட்டு மரவள்ளி மாவுப்பூச்சி, தமிழ்நாட்டின் மரவள்ளி மாவட்டங்களுக்கும் பரவி விளைச்சலைக் குலைத்தது. பூச்சி பெரும்பாலும் நடவுக் குச்சியோடு பயணம் செய்யும். சட்டப்பிரிவு 301 கிழங்குக்குத் தரும் சுதந்திரத்தைப் பூச்சியும் எடுத்துக்கொண்டது என்று நான் வகுப்பில் சொல்வதுண்டு. தீர்வும் எல்லை தாண்டித்தான் வந்தது. மேற்கு ஆப்பிரிக்காவின் பெனின் நாட்டில் இருந்து தருவித்த ஒட்டுண்ணிக் குளவியைப் பெங்களூருவில் உள்ள தேசிய ஆய்வு நிறுவனம் பெருக்கியது; 2022-இல் அது சேலம் பகுதி வயல்களில் விடப்பட்டது. நோயுள்ள நடவுக் குச்சியை எல்லையில் தடுப்பது 304 அனுமதிக்கும் நியாயமான கட்டுப்பாடா? இதற்கு மாணவர்களை இரு அணிகளாக்கி வாதாட விடுங்கள்.

வகுப்பில் செய்து பார்க்க

தொடக்க வகுப்புகள்: வீட்டில் உள்ள காலிப் பொட்டலங்களைக் கொண்டுவரச் சொல்லுங்கள். தயாரிப்பாளர் முகவரியைப் படித்து, இந்திய வரைபடத்தில் அந்த ஊருக்கு ஒரு நூல் கட்டட்டும். நம் ஊருக்கு எத்தனை மாநிலங்கள் பொருள் அனுப்புகின்றன என்பது கண்ணுக்குத் தெரியும். அடுத்த நாள் மறுபக்கம்: நம் ஊரில் இருந்து போவன எவை? ஜவ்வரிசி, அரிசி, 2021-இல் புவிசார் குறியீடு பெற்ற கள்ளக்குறிச்சி மரச்சிற்பம் என்று பட்டியல் நீளும்.

நடுநிலை வகுப்புகள்: கடை ரசீதில் உள்ள 15 இலக்க வரிப் பதிவு எண்ணைப் பார்க்கச் சொல்லுங்கள். முதல் இரண்டு இலக்கங்கள் மாநிலக் குறியீடு. தமிழ்நாடு 33, புதுச்சேரி 34, கேரளம் 32, கர்நாடகம் 29, மகாராஷ்டிரம் 27. குறியீட்டைக் கண்டால் ரசீது எந்த மாநிலத்தது என்று சொல்லிவிடுவார்கள். சேலம்–உளுந்தூர்ப்பேட்டை நெடுஞ்சாலைக்கு அருகில் உள்ள பள்ளிகள் என்றால், பாதுகாப்பான இடத்தில் நின்று அரை மணி நேரம் லாரிகளின் மாநில எழுத்துகளைக் குறித்து, பட்டை வரைபடம் வரையலாம்.

உயர்நிலை வகுப்புகள்: வரி மன்றத்தை வகுப்பில் கூட்டுங்கள். 28 மாநிலங்களோடு சட்டமன்றம் உள்ள டெல்லி, புதுச்சேரி, ஜம்மு காஷ்மீர் சேர்த்து 31 உறுப்பினர்கள். மத்திய அரசு ஒன்று. எல்லாரும் வந்து வாக்களித்தால், மத்திய அரசு ஆதரிக்கும் தீர்மானத்துக்கு இன்னும் எத்தனை மாநிலங்கள் வேண்டும்? விடை 20. மத்திய அரசு எதிர்த்தால் 31 மாநிலங்களும் சேர்ந்தாலும் நிறைவேறுமா? மூன்றில் இரண்டு பங்கு நான்கில் மூன்று பங்கைவிடக் குறைவு என்ற பின்னக் கணக்கு அப்போது உயிர் பெறும். மத்திய அரசு தனியாக எதையும் நிறைவேற்ற முடியாது என்பதும் அதே கணக்கில் தெரியும். கணித ஆசிரியரையும் துணைக்கு அழையுங்கள்.

ஏன் இதைக் கற்பிக்க வேண்டும்?

மலையில் கிழங்கு விற்கும் குடும்பத்துக்கு விலை என்பது யாரோ சொல்லி வருவது. ஆலையில் மாவுச்சத்தை அளந்து ‘ஒரு பாயிண்டுக்கு இவ்வளவு’ என்கிறார்கள். அந்த எண் ஏன் சென்ற ஆண்டைவிட இறங்கியது என்று இடைத்தரகரைக் கேட்டால், “வடக்கே வியாபாரம் இல்லை” என்பார். அந்த ‘வடக்கு’ எது, அங்கே யார் வாங்குகிறார்கள், எந்த மாதத்தில் வாங்குகிறார்கள், சேலத்தில் 1981-இல் தொடங்கிய ‘சேகோசர்வ்’ கூட்டுறவு அமைப்பு எப்படி விற்கிறது என்பதையெல்லாம் அறிந்த பிள்ளை, அந்தப் பதிலோடு நின்றுவிடாது. அடுத்த கேள்வியைக் கேட்கும்.

இன்னொன்றும் உண்டு. கல்வராயன் மலையின் பல வீடுகளில் பெற்றோர் ஆண்டில் சில மாதங்கள் வெளிமாநிலத்துக்கு வேலைக்குப் போகிறார்கள். பிள்ளை தாத்தா பாட்டியிடம் இருந்து பள்ளிக்கு வருகிறது. சரக்கு எல்லை தாண்டுவதைப் போலவே உழைப்பும் தாண்டுகிறது. நாட்டின் எப்பகுதிக்கும் தடையின்றிச் செல்லவும், எங்கும் தொழில் செய்யவும் சட்டப்பிரிவு 19 உரிமை தருகிறது. வேறு மாநிலத்தில் இருக்கும்போதும் குடும்ப அட்டையைக் காட்டி அரிசி வாங்கும் ‘ஒரே நாடு ஒரே குடும்ப அட்டை’ திட்டத்தில் தமிழ்நாடு 2020 அக்டோபரில் இணைந்தது. இந்தச் செய்தி, வேலைக்குப் போன இடத்தில் அட்டை செல்லாது என்று நினைத்துக்கொண்டிருக்கும் பெற்றோருக்குப் பிள்ளை வழியாகவே போய்ச் சேரக்கூடும். என் வகுப்பில் இந்தப் பகுதியை நடத்தும் நாளில், வீட்டில் சொல்ல வேண்டியது என்று இதை மட்டும் குறிப்பேட்டில் எழுதச் சொல்கிறேன்.

பாடநூலில் 301 என்பது ஓர் எண். அதற்குக் கீழே கிழங்கு, தோல், அரிசி, பேருந்து, ரசீது ஆகியவற்றை வைத்துக் காட்டினால், மாணவர்கள் அந்த எண்ணை மனப்பாடம் செய்ய வேண்டிய தேவையே வராது. ஒவ்வொரு மாவட்டத்துக்கும் இப்படி ஒரு பொருள் இருக்கும்: திருப்பூருக்குப் பின்னலாடை, சிவகாசிக்குத் தீப்பெட்டி, நாமக்கல்லுக்கு முட்டை, உதகைக்குத் தேயிலை. உங்கள் ஊர்ப் பொருள் எந்த மாநிலத்தில் போய் இறங்குகிறது என்று கேட்டுப் பாடத்தைத் தொடங்குங்கள். மீதியை மாணவர்களே கேட்பார்கள்.